பெயர் எழுதாத பிறப்புச் சான்றும், பாப்பாவின் முதல் ரேட்டிங்கும்

இந்த மாதம் ஒன்றாம் தேதி வந்த ஃபிடே (உலக செஸ் கூட்டமைப்பு) பட்டியலில் என் மகளின் பெயர் இருக்கிறது. ரேட்டிங், அதாவது ஆட்டத் திறமைக்கான எண், 1487. பதினான்கு மாதம் ஆனது. அவள் போர்டு முன்னால் உட்கார்ந்த நேரத்தைவிட நான் அலுவலக வாசல்களில் நின்ற நேரம் அதிகம். வேலூர் பக்கத்திலிருந்து பிள்ளைகளைப் போட்டிக்கு அனுப்ப நினைக்கும் அம்மா அப்பாக்களுக்காக இதை எழுதுகிறேன்.

எங்களுக்கு காட்பாடி. வீட்டுக்காரருக்கு ராணிப்பேட்டையில் ஷூ கம்பெனி வேலை. 2022-ல் மாமல்லபுரத்தில் ஒலிம்பியாட் நடந்தபோது பள்ளிகளில் எல்லாம் செஸ் வைத்தார்களே, அப்போது காய் நகர்த்த ஆரம்பித்தவள். இரண்டு வருடத்தில் வகுப்பில் அவளை ஜெயிக்க ஆள் இல்லை என்ற நிலை. "ரேட்டிங் போட்டிக்குக் கூட்டிட்டுப் போங்கம்மா" என்று அவளுடைய சார் சொன்னார். அதற்கு முதலில் அகில இந்திய செஸ் கூட்டமைப்பில் ஆன்லைனில் பதிவு செய்ய வேண்டும். போட்டோ ஏற்றினேன், ஆதார் ஏற்றினேன், ஐந்து நிமிட வேலை. பிறப்புச் சான்றைக் கையில் எடுத்ததும் அப்படியே நின்றுவிட்டேன். பெயர் என்ற இடத்தில் ஒன்றுமே இல்லை.

பிரசவத்துக்குப் பின் பதிவு செய்யும்போது பெயர் வைத்திருக்கவில்லை. "அப்புறம் சேர்த்துக்கலாம்" என்றார்கள், விட்டுவிட்டோம். பள்ளியில் ஆதாரை வைத்தே சேர்த்துக்கொண்டதால் பத்து வருடம் அது கண்ணில் படவே இல்லை. உங்கள் வீட்டுச் சான்றையும் இன்றே எடுத்துப் பாருங்கள். பதிவு செய்த நாளிலிருந்து 15 வருடம் வரை பெயர் சேர்க்க முடியும். ஒரு வருடம் தாண்டினால் தாமதக் கட்டணம் உண்டு.

வீட்டுக்குப் பக்கத்து அலுவலகத்துக்குப் போனேன். ஒரு நாள் முழுக்க வரிசை. மூன்றரை மணிக்கு என் முறை வந்தது. அங்கே இருந்தவர் தாளைத் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை. "பாரத்த நிரப்பிட்டு நாளைக்கி வாம்மா." மறுநாள் டியூஷன் பிள்ளைகளுக்கு லீவு சொல்லிவிட்டு, நிரப்பிக்கொண்டு போனேன். இந்த முறை பார்த்தார். "இன்னாம்மா, கொழந்த பொறந்தது ஆரணியில. இங்க எதுக்கு வந்துக்கினு இருக்க?" முதல் நாளே தாளைத் திருப்பியிருந்தால் ஒரு வரியில் முடிந்திருக்கும். இதை எழுதும்போதுகூட ஆத்திரம் அடங்கவில்லை.

தலைப்பிரசவம் தாய்வீட்டில்தானே. குழந்தை எங்கே பிறந்ததோ அங்கேதான் பதிவு இருக்கும், அங்கேதான் பெயரும் சேர்க்க முடியும். நீங்கள் இப்போது எங்கே குடியிருக்கிறீர்கள் என்பது கணக்கே இல்லை. இதை யாராவது முன்னமே சொல்லியிருந்தால் எனக்கு இரண்டு நாள் மிச்சம்.

கண்ணமங்கலம் வழியாக ஆரணி பஸ் ஏறினேன். பழைய சான்று, பள்ளிச் சான்று, ஆதார் எல்லாவற்றுக்கும் இரண்டு நகல், எங்கள் இருவரின் கையெழுத்தோடு ஒரு கடிதம். அங்கே இருந்த அக்கா பொறுமையாகப் படித்துவிட்டு ஒன்று கேட்டார்: "இனிஷியல் போடணுமா, அப்பா பேரு முழுசா போடணுமா? ஆதார்ல எப்படி இருக்கு? நாளைக்கி பாஸ்போர்ட் எடுப்பீங்களா?" அந்த அக்காவைக் கையெடுத்துக் கும்பிடலாம் போல இருந்தது. ஆதாரில் எப்படி இருக்கிறதோ அதே எழுத்தில், ஒரு எழுத்துகூட மாறாமல் போடச் சொன்னேன். 200 ரூபாய் தாமதக் கட்டணம், அடுத்த வாரம் சான்று கையில்.

நம் ஊர் ஆட்டக்காரர்கள் எல்லோருக்கும் இந்த இனிஷியல் விவகாரம் உண்டு. விஸ்வநாதன் என்பது ஆனந்தின் அப்பா பெயர். உலகம் அதையே சுருக்கி அவரை 'விஷி' ஆக்கிவிட்டது. ஃபிடே பட்டியலில் பிரக்ஞானந்தா இனிஷியலோடு இருக்கிறார், கூடப்பிறந்த அக்கா வைஷாலி ரமேஷ்பாபு என்று அப்பா பெயரோடு இருக்கிறார். நீங்கள் முதலில் எப்படிக் கொடுக்கிறீர்களோ அதுதான் அப்படியே ஒட்டிக்கொள்ளும். யோசித்துக் கொடுங்கள்.

முதல் போட்டி சென்னையில். ஏலகிரி எக்ஸ்பிரஸில் போனோம். பத்து மணிக்கு ஆட்டம் என்று நினைத்து ஒன்பதரைக்கு ஹாலில் இருந்தோம். முந்தின நாள் மாலைக்குள் வருகையை உறுதி செய்திருக்க வேண்டுமாம். போட்டி அறிக்கையின் இரண்டாம் பக்கத்தில் பொடி எழுத்தில் இருந்தது. யார் யாரோடு ஆடுவது என்ற முதல் ரவுண்டு பேரிங்கில் அவள் பெயர் இல்லை. புதுச் சட்டை போட்டுக்கொண்டு பேனாவோடு வந்த பிள்ளை, மத்தவர்கள் ஆடுவதைக் கதவுக்கு வெளியே நின்று பார்த்தாள். அறிக்கையைக் கடைசி வரி வரை படியுங்கள். சந்தேகம் இருந்தால் ஆர்பிட்டருக்கு (நடுவருக்கு) போன் போடுங்கள், தப்பாக நினைக்க மாட்டார்கள்.

மீதி ரவுண்டுகளில் ரேட்டிங் இல்லாத பிள்ளைகளை ஜெயித்தாள். ரேட்டிங் உள்ள எல்லோரிடமும் தோற்றாள். அவர்களிடம் அரைப் புள்ளிகூட எடுக்காததால் அந்தப் போட்டி அவள் கணக்கில் ஏறவே இல்லை. நான்கு நாள், ரூம் வாடகை, சாப்பாடு எல்லாம் போயிற்று. நல்லது ஒன்று உண்டு: அந்தச் சைபர் ரேட்டிங்கைக் கீழே இழுக்கவும் இல்லை. முதல் போட்டியில் தோற்றதற்காகப் பிள்ளையைத் திட்டாதீர்கள்.

பிரக்ஞானந்தாவின் அம்மா நாகலட்சுமி, வெளிநாட்டுக்குப் போனாலும் இண்டக்‌ஷன் அடுப்பைத் தூக்கிக்கொண்டு போய் ரசம் சாதம் வைத்துக் கொடுப்பார் என்று முன்பு படித்திருக்கிறேன். குகேஷின் அப்பா காது மூக்கு தொண்டை டாக்டர். மகனோடு ஊர் ஊராகப் போகத் தொழிலையே விட்டவர். பேப்பரில் படிக்கும்போது பெரிய விஷயமாகத் தெரியவில்லை. எழும்பூர் லாட்ஜில், ஹோட்டல் சாம்பார் ஒத்துக்கொள்ளாமல் வாந்தி எடுத்த பிள்ளையின் தலையைப் பிடித்துக்கொண்டு நின்ற ராத்திரி புரிந்தது. இரண்டாவது போட்டிக்கு நானும் ரைஸ் குக்கர் எடுத்துப்போனேன்.

அங்கேதான் அந்த அரைப் புள்ளி. எதிரே ஐம்பது வயதுக்காரர் ஒருவர், 1500-க்கு மேல் ரேட்டிங். இரண்டரை மணி நேரம் கழித்து அவரிடம் ராஜாவும் ஒரு சிப்பாயும், இவளிடம் ராஜா மட்டும். கதவுக் கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். சிப்பாய் ஆறாவது வரிசைக்கு வந்து இவள் ராஜாவுக்கு நேர் எதிரே நின்றது. பக்கத்தில் ஒதுங்கினால் முடிந்தது. இவள் ராஜாவை நேர் பின்னால் எடுத்தாள். அவர் ராஜா பக்கவாட்டில் வந்ததும் எதிரே வந்து நின்றாள். சிப்பாய் இன்னொரு கட்டம் தள்ளியது, இவள் அதற்கு முன்னால் போய் நின்றாள். அவர் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுக் கை நீட்டினார். சிப்பாயை விட வேண்டும், இல்லாவிட்டால் ஸ்டேல்மேட் (செக் இல்லாமலே நகர்த்த வழியில்லாத நிலை); எப்படியும் டிராதான். வெளியே வந்தவள் சொன்னது, "அம்மா, சார் சொல்லிக் கொடுத்தது அப்படியே வந்துச்சு."

அந்தப் போட்டியில் ரேட்டிங் உள்ளவர்கள் நான்கு பேர்தான் கிடைத்தார்கள். குறைந்தது ஐந்து ஆட்டம் வேண்டும். நல்லவேளை, அடுத்த போட்டியின் ஆட்டங்களையும் சேர்த்துக் கணக்கிடுவார்கள். 26 மாதம் அவகாசம் உண்டு. மூன்றாவது போட்டியில் மூன்று பேர் கிடைத்தார்கள். மொத்தம் ஏழு ஆட்டத்தில் இரண்டரைப் புள்ளி. இப்போதைய விதிப்படி 1400-க்குக் கீழே வந்தால் பட்டியலில் சேர்க்க மாட்டார்கள் என்பதால் மாசம் முடியும்வரை எனக்குத் தூக்கம் இல்லை.

ஒன்றாம் தேதி காலையில் அவள்தான் முதலில் பார்த்தாள். ரேட்டிங்கை அப்புறம் சொன்னாள். "அம்மா, இனிஷியல் கரெக்டா இருக்கு." கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்கு 2500 ரேட்டிங்கும் மூன்று நார்மும் (பெரிய போட்டிகளில் பட்டத்துக்கேற்ற அளவு ஆடிக் காட்டுவது) வேண்டும் என்பது அவளுக்கும் தெரியும், எவ்வளவு பாக்கி என்று நோட்டின் கடைசிப் பக்கத்தில் கழித்து எழுதி வைத்திருக்கிறாள். 1013. ஆரணி அக்காவுக்கு நேரில் சொல்ல அடுத்த வாரம் போகிறோம்.