பழைய படமும் கைப்பேசி ஸ்கேனும்

பழைய படத்தை ஸ்கேன் செய்தால் நடுவில் வெள்ளையாக ஒரு பளபளப்பு விழுந்து முகத்தை மறைக்கிறதா? பெரும்பாலும் குற்றம் செயலியில் இல்லை, தலைக்கு மேலே எரிகிற டியூப் லைட்டில்தான். கூகுள் போட்டோஸ்கேன் செயலி திரையில் காட்டும் நான்கு புள்ளிகள் மீதும் கைப்பேசியை நகர்த்தச் சொல்வதும் இதனால்தான், கோணம் மாற மாற பளபளப்பும் இடம் மாறும், அது விழாத பகுதிகளை மட்டும் எடுத்து ஒன்றாகச் சேர்த்துவிடும். ஆனால் பினாங்கு ஈரக்காற்றில் வருஷக்கணக்காகக் கிடந்து சுருண்ட படம் என்றால் இந்தச் சேர்ப்பு எப்படி ஒழுங்காக வரும்? தண்ணீர்மலைத் தைப்பூசத்தில் எடுத்த எங்கள் சித்தப்பா படத்தில் காவடியே நடுவில் முறிந்த மாதிரி வந்தது. இதற்கெல்லாம் பளபளப்பு நீக்கத்தை அணைத்துவிட்டு, வெயில் நேரடியாக விழாத ஜன்னலோரம் வைத்து ஒரே படமாக எடுங்கள், ஃபிளாஷும் வேண்டாம்.

ஓரத்தைச் செயலி தப்பாக வெட்டுகிறதா? வெள்ளைக் கரை வைத்த படத்தை வெள்ளை மேசையில் வைத்தால் அதற்கு என்ன தெரியும், பாவம். அடியில் ஒரு கருநீலக் கைலியை விரித்தாலே சரியாகிவிடும்.

பசை ஆல்பத்தில் ஒட்டிக்கொண்ட படத்தை மட்டும் தயவுசெய்து பிய்க்காதீர்கள், முகத்தோடு உரிந்து வரும். மேலே உள்ள பிளாஸ்டிக் தானாக எழும்பினால் தூக்கிவிட்டு, பக்கத்தோடு சேர்த்தே ஸ்கேன் எடுங்கள்.

அப்புறம், ஸ்கேன் செய்தது எல்லாம் இன்றைய தேதியில் போய் உட்காரும். கேலரியில் தேதியை மாற்றலாம், தாத்தா காலத்துப் படத்துக்கு உத்தேசமாக ஒரு வருஷம் போட்டாலும் போதும்.