பெயரில் டெல்லி, பிறப்பில் வல்லநாடு

திருநெல்வேலியிலிருந்து தூத்துக்குடி செல்லும் சாலையில் தாமிரபரணியை ஒட்டியிருக்கும் வல்லநாட்டை, அங்குள்ள வெளிமான் சரணாலயத்துக்காக அறிந்தவர்களே அதிகம். நடிகர் டெல்லி கணேஷ் 1944 ஆகஸ்ட் 1 அன்று பிறந்தது அந்த ஊரில்தான் என்று சொன்னால், பாளையங்கோட்டையிலேயே பலர் நம்ப மறுக்கிறார்கள். 1986இல் எங்கள் திருநெல்வேலி மாவட்டத்திலிருந்து பிரிந்து தூத்துக்குடி தனி மாவட்டமானபோது வல்லநாடும் அந்தப் பக்கம் போய்விட்டது. அதற்காக அவரையும் விட்டுக்கொடுக்க எங்களுக்கு மனமில்லை.

1964 முதல் 1974 வரை அவர் இந்திய விமானப் படையில் பணியாற்றினார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவின் மேடைகளில் நடித்துப் பழகிய பிறகு, மாதம் தவறாமல் சம்பளம் தரும் வேலையை விட்டுச் சென்னைக்கு வந்து, காத்தாடி ராமமூர்த்தியின் நாடகக் குழுவில் சேர்ந்தார். அந்தக் காலத்தில் எங்கள் பகுதிக் குடும்பம் எதிலும் இப்படி ஒரு முடிவு சண்டையில்லாமல் நிறைவேறியிருக்காது. 1977இல் வெளிவந்த ‘பட்டினப் பிரவேசம்’ மூலம் கே. பாலசந்தர் அவரைத் திரைக்குக் கொண்டுவந்து, டெல்லி கணேஷ் என்ற பெயரையும் வைத்தார்.

துணை நடிகருக்குக் கதை தன் தோளில் இல்லை என்ற சௌகரியமும் உண்டு, இரண்டு மூன்று காட்சிகளுக்குள் ஒரு முழு மனிதரைக் காட்டியாக வேண்டிய நெருக்கடியும் உண்டு. டெல்லி கணேஷ் அந்த நெருக்கடியைப் பெரும்பாலும் பேச்சின் வழியாகவே கடந்தார் என்பது என் கணிப்பு. துரை இயக்கிய ‘பசி’ (1979) படத்தில் ஷோபாவின் தந்தையாக, சென்னைக் குடிசைப் பகுதியில் ரிக்‌ஷா ஓட்டும் மனிதராக அவர் பேசும் தமிழில் தாமிரபரணியின் வாடையே இருக்காது. அந்த நடிப்புக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசும் கிடைத்தது. பதினோரு ஆண்டுகள் கழித்து ‘மைக்கேல் மதன காமராஜன்’ படத்தில் அவர் பாலக்காட்டு மணி ஐயராக வந்தார். நான்கு வேடங்களில் கமல்ஹாசன் நிறைந்திருக்கும் அந்தப் படத்தில், மணி ஐயர் ஒருபோதும் நம்மைச் சிரிக்க வைக்க முயல்வதில்லை. கல்யாணச் சமையலில் கெட்ட பெயர் வந்துவிடக்கூடாதே என்று உண்மையாகவே பதறுகிற தலைமைச் சமையல்காரராகவே அவர் இருக்கிறார் என்பதால்தான், சாம்பாரில் மீன் விழுகிற கூத்து இன்றைக்கும் சலிக்கவில்லை. ‘நாயகன்’ ஐயர், ‘சிந்து பைரவி’யின் மிருதங்கக் கலைஞர், ‘அபூர்வ சகோதரர்கள்’ வில்லன் என்று மற்றவற்றைப் பற்றி ஏற்கெனவே நிறையப் பேசிவிட்டார்கள்.

வேடத்துக்கு ஏற்பப் பேச்சை மாற்றிக்கொண்ட இந்த வழிக்கு நேரெதிராகப் போனவர், பணகுடிப் பக்கத்து நடிகர் நெல்லை சிவா. ஊரைப் பெயரிலேயே வைத்துக்கொண்டு, ஊர்ப் பேச்சையே தொழிலாக்கிய அவரை, ‘கண்ணும் கண்ணும்’ படத்தில் வடிவேலு கிணற்றைக் காணோம் என்று புகார் கொடுக்கும் காட்சிக்காகவே தமிழ்நாடு முழுவதும் அறியும். நெல்லைப் பேச்சு அவருக்கு அடையாளத்தைக் கொடுத்தது. ஆனால் அதே பேச்சு அவரை நகைச்சுவைக்குள் அடைத்தும் வைத்தது. டெல்லி கணேஷுக்கு அந்தச் சிறை இல்லை. ஆனாலும் 400க்கும் மேற்பட்ட படங்களில் நடித்த அவருடைய வேடங்களில், எங்கள் பேச்சைப் பேசும் தாமிரபரணிக் கரைக்காரர் ஒருவர்கூட என் நினைவில் தங்கவில்லை என்பதில் எனக்குச் சிறிது மனக்குறை உண்டு.

தொலைக்காட்சி அவரை வீட்டுக்குள் கொண்டுவந்தது. தொண்ணூறுகளில் ‘மர்மதேசம்’, பின்னர் ‘கஸ்தூரி’, ‘செல்லமே’ என்று தொடர்கள் நீண்டன. ஒரே நாளில் பல காட்சிகளை எடுத்து முடிக்க வேண்டிய தொடர் படப்பிடிப்பில், நாடக மேடையில் வசனத்தை மனப்பாடமாக வைத்திருந்து பழகியவருக்கு இருக்கும் மதிப்பே தனி. எங்கள் ஆச்சிக்குத் திரைப்பட வேடங்கள் எதுவும் தெரியாது. தொடரில் வரும் பெரியவராகத்தான் அவரைத் தெரியும். முகம் தெரியாமலும் அவர் வேலை பார்த்திருக்கிறார்: சிரஞ்சீவி, கிரீஷ் கர்னாட் ஆகியோருக்குத் தமிழில் பின்னணிக் குரல் கொடுத்தவர் அவர்தான். கலைமாமணி விருது பெற்ற பிறகும், வயது எழுபதைக் கடந்த பிறகும், புதிய இளைஞர்களின் குறும்படங்களில் நடிக்க அவர் தயங்கவில்லை. 2024 நவம்பர் 9 அன்று சென்னையில் காலமாகும் ஆண்டு வரை அவருடைய படங்கள் வெளிவந்துகொண்டிருந்தன.