ப்ளுவா கோட்டை: மௌனப்படத்தைப் பார்த்துவிட்டுப் போக வேண்டிய இடம்

1578 ஏப்ரல் 27, விடியற்காலை. பாரிஸ் குதிரைச் சந்தையில் பிரான்சின் மூன்றாம் ஹென்றி அரசரின் செல்லப்பிள்ளைகள் மூவரும், அவருக்குப் போட்டியாக நின்ற பிரபுவான கீஸ் கோமகன் தரப்பினர் மூவரும் வாளெடுத்து மோதினார்கள். இருவர் அங்கேயே விழுந்தார்கள். ஒருவர் மறுநாள் இறந்தார். அரசர் தரப்பின் கேலுஸ் 19 காயங்களோடு 33 நாள் இழுத்துக்கொண்டு கிடந்து இறந்தார். பத்தாண்டில் அந்தப் பகை முற்றி, 1588 டிசம்பர் 23 அன்று ப்ளுவா கோட்டையில் அரசரே கீஸைக் கொல்லவைத்தார். 1908இல் வந்த ‘கீஸ் கோமகனின் படுகொலை’ என்ற மௌனப்படத்தின் கதை அந்தக் கொலைதான்.

படம் கால் மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதல். அதைவிட மெதுவாக ஓட்ட எடுத்த படம் இது, நொடிக்கு 24 சட்டம் (ஃபிரேம்) என ஓட்டிய பிரதி வேண்டாம்; ஆட்கள் துள்ளுவார்கள், கொலை கேலிக்கூத்தாகிவிடும். இசையமைப்பாளர் சன்-சான்ஸ் இதற்கென்றே அமைத்த இசையோடு (ஓபஸ் 128) உள்ளதைத் தேடுங்கள்.

சந்தை இருந்த இடம் இன்றைய பிளாஸ் தெ வோஸ்ஜ் சதுக்கம். கட்டடங்கள் 1605க்குப் பிந்தியவை. அரை மணி போதும். பாரிஸின் ஆஸ்டர்லிட்ஸ் நிலையத்தில் ப்ளுவாவுக்கு நேரடி ரயிலாகப் பார்த்து ஏறுங்கள். இல்லையென்றால் ஒர்லியான் பக்கம் மாற வேண்டிவரும். இறங்கிப் பத்து நிமிட நடையில் கோட்டை.

முதல் தளத்தில் அரசரின் தாய் கேத்தரின் அரசியாரின் ரகசிய அலமாரி அறையிலேயே பலர் நின்றுவிடுகிறார்கள். கொலை நடந்த அரசர் அறை அதற்கும் மேலே, இரண்டாம் தளத்தில். சுவர் வண்ணங்களை நம்பாதீர்கள். அவை 19ஆம் நூற்றாண்டில் தூபான் என்ற கட்டடக் கலைஞர் புதுப்பித்தவை. படமும் தீட்டிய அரங்கில் எடுத்ததுதான், எனவே சுவரோடு படச்சட்டத்தை ஒப்பிட்டுப் பயனில்லை. வாசல்களைப் பாருங்கள். படத்தில் கேமரா நகராது. ஒவ்வொரு அறையும் தனி மேடை போல வந்துபோகும். இங்கே நின்றால்தான் எல்லாம் எவ்வளவு நெருக்கம் என்று உறைக்கிறது. ஆலோசனைக் கூடத்திலிருந்து அழைக்கப்பட்ட கீஸ் இந்த அறையைக் கடந்து பழைய தனியறைக்குப் போகும்போது அரசரின் காவலர்கள் பின்னால் பாய்ந்தார்கள். கத்திக்குத்துகளோடு திரும்பி வந்து, கட்டிலின் காலடியில் விழுந்தார். அந்தத் தனியறை இப்போது இல்லை. 1635இல் தொடங்கிய புதுக்கட்டடத்துக்காக இடித்துவிட்டார்கள்.

உடலை எரிக்கும் கணப்போடு படம் முடிகிறது. கோட்டையிலிருந்து இறங்கினால் சற்று தூரத்தில் லுவார் ஆறு. சாம்பலைக் கரைத்தது அதில்தான்.