மூன்று அழுத்தலில் ஒரு கோல்ஃப்

1984-ல் நின்டெண்டோவின் ஃபாமிகாம் வீடியோ கேம் கருவிக்கு வந்த 'கோல்ஃப்' எனக்கு இன்றைக்கும் பிடித்த விளையாட்டு. ஒரே ஒரு பட்டனை மூன்று முறை அழுத்த வேண்டும், முதல் அழுத்தலில் மட்டை பின்னால் போகும், இரண்டாவதில் அடியின் வேகம் முடிவாகும், மூன்றாவதில் திரையின் அளவுகோலில் ஓடும் குட்டிக் கோடு சரியான இடத்துக்குத் திரும்பும்போது அடிக்க வேண்டும், கொஞ்சம் தவறினாலும் பந்து வளைந்து மரத்துக்குள் போய்விடும். அவ்வளவுதான். ஆனால் பின்னால் வந்த எத்தனையோ கோல்ஃப் விளையாட்டுகள் இந்த மூன்று அழுத்தல் முறையைத்தான் பிடித்துக்கொண்டன.

நிரலெழுதியவர் சடோரு இவாட்டா. அந்தச் சின்ன கேட்ரிட்ஜுக்குள் 18 குழிகளையும் அடக்கியிருக்கிறார், பிற்பாடு நின்டெண்டோ நிறுவனத்துக்கே தலைவரானவர். 2015 ஜூலை 11-ல் மறைந்தார். அப்புறம் 2017-ல், நின்டெண்டோவின் ஸ்விட்ச் கருவிக்குள் இதே கோல்ஃப் ஒளிந்திருந்தது தெரியவந்தது. ஜூலை 11 அன்று மட்டும், அவர் பேசும்போது இரு கைகளையும் முன்னால் நீட்டுவாரே, அதேபோல் நீட்டினால் அப்போது திறந்தது.