சோஃபாலா எடுப்பவர்களுக்கு: முதலில் ரயில் பாதையைப் போடுங்கள்

ஒரு கடலோர மாகாணத்தைத் தேர்ந்து எழுதும் பிராந்தியத் தேர்வுத் தாளின் முடிவு வந்துவிட்டது, நிம்மதியாகத் தூங்குகிறேன். கடலோர மாகாணமாக மொசாம்பிக்கின் சோஃபாலாவை எடுத்தபோது, குறிப்புகள் கிடைக்காது, கென்யாவின் மொம்பாசா பக்கமே போ என்று தடுத்தவர்கள் பலர். அவர்கள் இப்போது என்னிடம்தான் குறிப்புகள் கேட்கிறார்கள்.

பாடத்திட்டம் புவியியல், வரலாறு, பொருளாதாரம் என்று மூன்றாகப் பிரித்து வைத்திருக்கிறது. அந்தப் பிரிவை மறந்துவிடுங்கள். பெய்ரா துறைமுகத்திலிருந்து மேற்கே சிம்பாப்வே எல்லைக்குப் போகும் ரயில் பாதையை வரைந்து பழகுங்கள். வடக்கே சாம்பேசி, தெற்கே சாவே, மேற்கே மனிகா மாகாணம், பெய்ராவை ஒட்டிக் கடலில் சேரும் புங்வே, புஸி ஆறுகள். கையே தானாக வரைய வேண்டும். பட்டியலை மனப்பாடம் செய்ய வராத என் போன்றவர்களுக்கு இதைவிட வேறு வழி கிடையாது.

பெய்ரா 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் எழுந்த ஊர். அதற்குத் தெற்கே இருந்த பழைய சோஃபாலாவில்தான் மேட்டுநிலத்துத் தங்கம் கடலுக்கு இறங்கியது. கிழக்காப்பிரிக்கக் கரையை ஆண்ட கில்வா சுல்தான்களின் பிடியில் இருந்த அந்த இடத்தில் 1505இல் போர்த்துகீசியர் கோட்டை கட்டினார்கள். ஆசைப்பட்ட அளவுக்குத் தங்கம் வரவில்லை. 1891 முதல் 1942 வரை, போர்த்துகீசிய அரசின் உரிமம் பெற்ற மொசாம்பிக் கம்பெனியின் ஆட்சி. வரியும் அதற்கே, தபால்தலையும் அதற்கே. ரயில் 1898இல் எல்லை தாண்டி உம்தாலியை (இன்றைய முடாரே) தொட்டது. கடலில்லாத ரொடீசியாவுக்கு (இன்றைய சிம்பாப்வே) வாசல் கிடைத்தது.

என்னைக் காப்பாற்றிய பகுதி இனிதான் வருகிறது. 1965இல் ரொடீசியாவின் வெள்ளையர் அரசு தன்னிச்சையாக விடுதலையை அறிவித்தது. பெய்ராவிலிருந்து போகும் குழாயில் எண்ணெய் ஏறாமல் தடுக்க, 1966 முதல் 1975 வரை பிரிட்டிஷ் போர்க்கப்பல்கள் கடலில் காவல் நின்றன. எண்ணெயோ தென்னாப்பிரிக்கா வழியாகப் போய்ச் சேர்ந்துகொண்டிருந்தது! 1976இல் மொசாம்பிக் அதிபர் சமோரா மாஷெல் எல்லையை மூடினார். ரொடீசியாவோடு பெய்ராவின் வருமானமும் அடிபட்டது. பிறகு ரெனாமோ கிளர்ச்சிப் படை ரயில் பாதையைத் தாக்க, சிம்பாப்வே ராணுவம் வந்து காவல் காத்தது. வினா எதுவானாலும் இந்தப் பத்தியை நுழைத்துவிடுங்கள்.

பொருளாதாரத்துக்கு இவை போதும்:

- மரோமேயு, மஃபம்பிஸ்ஸே: கரும்பு, சர்க்கரை
- சோஃபாலா திட்டு (கரையை ஒட்டிய ஆழமற்ற கடல்): இறால்
- சேனா ரயில் பாதை (பெய்ராவிலிருந்து வடக்கே போகும் இன்னொரு பாதை): டெட்டே மாகாணத்து மொவாடிஸே நிலக்கரி
- துறைமுகம்: வண்டல் படிவதால் ஓயாத தூர்வாரல்

கோரோங்கோசா தேசியப் பூங்காவுக்கு இரண்டு வரிக்கு மேல் வேண்டாம். உள்நாட்டுப் போரில் விலங்குகளில் பெரும்பகுதி அழிந்தது, பிறகு மீட்புப் பணி தொடங்கியது, அவ்வளவுதான். யானையைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதினால் நேரம் போகும், மதிப்பெண் வராது.

2019 மார்ச்சில் வந்த இடாய் புயலைப் பலர் பேரிடர் வினாவுக்காக ஒதுக்கி வைக்கிறார்கள். அதைப் புவியியலிலேயே எழுதுங்கள். தாழ்ந்த கரை, இரண்டு ஆறுகளின் வெள்ளம், உள்நாட்டுக் கடல்போல் நின்ற நீர். ஆறாம் எண் நெடுஞ்சாலை அறுந்ததும் பெய்ரா தரைவழியாகத் துண்டிக்கப்பட்டது. வரைபடத்தில் அந்தச் சாலையை ரயில் பாதைக்குப் பக்கத்திலேயே போட்டிருப்பீர்கள் அல்லவா, அதையே மேற்கோள் காட்டுங்கள்.

அங்கே பேசப்படும் சேனா, ந்தாவு மொழிகள் பற்றிய விருப்ப வினாவை நான் தொடவே இல்லை. மொழியியலில் ருசி உள்ளவர்கள் முயன்று பார்க்கலாம்.