அரைக் கட்டை

காரைக்குடியில் என் வேலை என்னவென்று யாருக்கும் ஒழுங்காகத் தெரியாது. "தம்பி கிட்டார் வாசிக்குது" என்பார்கள். பக்கத்தில் வந்து பார்ப்பவர்கள், "என்னப்பா நாலு கம்பிதான் இருக்கு, மத்த ரெண்டும் அறுந்து போச்சா?" என்பார்கள். நான் வாசிப்பது பேஸ் கிட்டார், பாட்டின் அடி ஸ்வரங்களுக்கானது. 1951இல் ஃபெண்டர் கம்பெனி பிரிசிஷன் பேஸ் என்ற பேஸ் கிட்டாரை விற்பனைக்குக் கொண்டுவந்தபோதே நாலு கம்பிதான் என்று சொல்லிப் பார்த்திருக்கிறேன். ஒருவரும் நம்பியதாகத் தெரியவில்லை.

பெயரைச் சொன்னால் உங்களுக்கும் தெரிந்திருக்கக்கூடிய ஒரு பாடகரின் குழுவில் பதினாறு வருடமாக இருக்கிறேன். டிரம்ஸுக்குப் பக்கத்தில், பாதி வெளிச்சத்தில் என் இடம். கச்சேரிக்கு இவ்வளவு என்று பேச்சு. கச்சேரி இல்லாத மாதம் கையைக் கடிக்கும்.

ஒரு தை மாதம் கானாடுகாத்தானில் அறுபதாங்கல்யாணக் கச்சேரி. பெரிய வீட்டு வாசலிலேயே மேடை. ஜெனரேட்டரில் எர்த் சரியில்லாமல் ஸ்பீக்கரில் ஒரே இரைச்சல். கரண்டின் அதிர்வு 50 ஹெர்ட்ஸ், அதாவது நொடிக்கு ஐம்பது முறை; என் தடித்த கம்பியை மூன்றாவது ஃப்ரெட்டில், அதாவது கழுத்தின் மூன்றாவது கட்டத்தில், அழுத்தினால் பிறக்கும் ஜி ஸ்வரம் 49. இரண்டும் மோதினால் நொடிக்கு ஒருமுறை 'வ்வோம் வ்வோம்' என்று அலையடிக்கும். ஐந்து கட்டை, அதாவது ஜி சுருதிப் பாட்டெல்லாம் வயிற்றைப் பிசைந்தது. ஜெனரேட்டர்காரர் எர்த் கம்பி இறக்கிய இடத்தில் இரண்டு குடம் தண்ணீர் ஊற்றிய பிறகுதான் அடங்கியது.

அப்புறம் பாடகருக்குப் பனியில் தொண்டை கட்டிக்கொண்டது. அடுத்த பாட்டுக்கு முன் எங்கள் பக்கம் திரும்பி, "அரைக் கட்டை இறக்குங்க" என்றார். கீபோர்டு அண்ணனுக்கு சுருதியை மாற்றும் டிரான்ஸ்போஸ் பட்டனில் ஒரு தட்டு, முடிந்தது. எனக்கு? பாட்டு மூன்று கட்டை, அதாவது ஈ. தடித்த கம்பியை அழுத்தாமல் மீட்டினால் வருவதும் அதே ஈ, 41 ஹெர்ட்ஸ். அதற்குக் கீழே ஃப்ரெட் ஏது? மேல் ஸ்தாயியில் வாசிக்கலாம்தான், ஆனால் பாட்டுக்குக் கால் இல்லாதது மாதிரி இருக்கும். டிரம்ஸ்காரர் நாலு எண்ணுவதற்குள் கம்பியை முறுக்கும் பிருடையைத் திருகிக் காது போன போக்கில் இறக்கினேன். இறக்கிய கம்பியில் எல்லா ஸ்வரமும் ஒரு ஃப்ரெட் தள்ளிப் போய்விடும், மற்ற மூன்றும் பழைய இடத்தில். இரண்டு இடத்தில் பிசகினேன். பாடகர் கவனிக்கவில்லை, டிரம்ஸ்காரர் சிரித்தார்.

ஊருக்குத் திரும்பியதும் கடன் வாங்கி ஐந்து கம்பி பேஸ் வாங்கினேன். அதன் அடிக்கம்பி பி, 31 ஹெர்ட்ஸ். இனி அவர் தொண்டை எவ்வளவு இறங்கினாலும் சரி. தோள்பட்டை வலி தனிக்கதை.

அன்றைய கச்சேரிக்கு அம்மாவும் வந்திருந்தாள். இடைவேளையில், "எல்லாம் கேக்குது, இதுல உன் சத்தம் எதுடா?" என்றாள். முகப்பில் இருந்த தேக்குக் கதவைக் காட்டி, "அதுல உள்ளங்கையை வச்சுக்கிட்டுக் கேளு" என்று சொல்லிவிட்டு மேடையேறினேன். மூன்று பாட்டு முடியும்வரை கையை எடுக்காமல் நின்றாள்.

பந்தியில் வெள்ளைப் பணியாரத்தைப் பிட்டுக்கொண்டே சொன்னாள்: "ரெண்டாவது பாட்டுலதான்டா நல்லா அதிருச்சு."

அது புளூஸ் மாதிரி மெதுவான பாட்டு. எனக்கும் அதுதான் பிடிக்கும்.