பர்சி வீட்டு மாப்பிள்ளைகள்

அக்டோபர் 12

நியூகாசிலில் ஹேமார்க்கெட் பஸ் நிலையம் இருப்பது பர்சி தெருவில். தினமும் அதைக் கடந்துதான் வேலைக்குப் போகிறேன். அந்தப் பெயரில் என்ன இருக்கிறது என்று இதுவரை யோசித்ததில்லை. கிளறிவிட்டவன் மகன். இந்த ஊரில் இருந்துகொண்டு டாட்டன்ஹாம் ஹாட்ஸ்பர் அணிக்குக் கொடி பிடிக்கும் துரோகி அவன். "அப்பா, ஹாட்ஸ்பர் லண்டன்காரர் இல்லையாம், நம் பக்கத்து ஆளாம்" என்று நேற்று வெற்றிப் பெருமிதத்தோடு வந்து சொன்னான்.

உண்மைதான். 1882இல் அந்தக் கால்பந்துக் கழகத்தைத் தொடங்கிய பள்ளிச் சிறுவர்கள், பதினான்காம் நூற்றாண்டின் வடக்கத்தி வீரர் ஒருவரின் பட்டப்பெயரை எடுத்து வைத்துக்கொண்டார்கள். டாட்டன்ஹாமில் அவர் குடும்பத்துக்கு ஒரு காலத்தில் நிலம் இருந்ததுதான் தொடர்பு. அவருடைய இயற்பெயர் சர் ஹென்றி பர்சி.

அப்பா பெயரின் முதலெழுத்தோடு காரியத்தை முடித்துக்கொள்ளும் குடும்பத்தில் பிறந்த எனக்கு, ஒரே குடும்பப்பெயர் 900 ஆண்டுகளுக்கு மேல் ஒரு வம்சத்தோடு ஒட்டிக்கொண்டு வருவது வியப்பாக இருக்கிறது. கொஞ்சம் சந்தேகமாகவும் இருக்கிறது. நூலகத்தில் இரண்டு தடித்த புத்தகங்களை எடுத்து வந்திருக்கிறேன்.

அக்டோபர் 14

வேர் பிரான்சில். நார்மண்டியில் பர்சி என்றே ஊர்கள் உண்டு. அங்கிருந்து வந்த வில்லியம் த பர்சி, 1086இல் மன்னர் எடுத்த நிலக் கணக்கான டூம்ஸ்டே பதிவேட்டில் யார்க்‌ஷயரிலும் லிங்கன்‌ஷயரிலும் பெரும் நிலக்காரராக இருக்கிறார். நார்மன் ஆண்கள் முகத்தை மழித்துக்கொண்ட காலத்தில் இவர் மட்டும் மீசை வைத்திருந்தார் போலும், 'மீசைக்காரர்' என்று அடைமொழி. அழிந்து கிடந்த விட்பி மடாலயத்துக்கு மறுபடி உயிர் கொடுத்தவர்களில் ஒருவர். முதல் சிலுவைப்போருக்குப் போய், ஜெருசலேம் பக்கம் இறந்துபோனார்.

பெயருக்கு இன்னொரு கதையும் கட்டியிருக்கிறார்கள். 1093இல் ஸ்காட்லாந்து மன்னர் மால்கம், நியூகாசிலுக்கு வடக்கே உள்ள ஆனிக் கோட்டையை முற்றுகையிட்டபோது, ஈட்டி நுனியில் சாவியை நீட்டுவதுபோல் நீட்டி அவர் கண்ணில் ஒருவன் குத்திவிட்டானாம். 'கண்ணைக் குத்தியவன்' என்பதுதான் ஆங்கிலத்தில் பர்சி என்று திரிந்ததாம். சுவையான புளுகு. ஆனிக் பர்சிகளின் கைக்கு வந்ததே 1309இல்தான். கண் குத்துப்பட்டதாகச் சொல்லப்படும் காலத்துக்கு முன்பே டூம்ஸ்டேயில் பெயர் பதிவாகிவிட்டது. நம் ஊர்த் தலபுராணங்களைப் படித்துப் பழகியவனுக்கு இதெல்லாம் புதிதில்லை.

அக்டோபர் 19

சந்தேகப்பட்டது சரியாகப் போயிற்று. மீசைக்காரரின் ஆண் வாரிசு பன்னிரண்டாம் நூற்றாண்டிலேயே தீர்ந்துவிட்டது. கடைசியில் சொத்து வந்து சேர்ந்தது ஆக்னஸ் த பர்சி என்ற பெண்ணிடம். அவரை மணந்தவர் லூவேன் நாட்டு ஜாசலின், முதலாம் ஹென்றி மன்னரின் இரண்டாம் மனைவி அடலைசாவின் தம்பி முறை. அரசியின் தம்பி என்றாலும் சொந்தமாக ராஜ்ஜியம் கிடையாது. தெற்கே பெட்வொர்த் நிலத்தை அக்காவே கொடுத்துத்தான் நிலைநிறுத்தினார்.

'என் பெயரை எடுத்துக்கொள், இல்லையேல் என் குலச்சின்னத்தை எடுத்துக்கொள்' என்று ஆக்னஸ் நிபந்தனை போட்டதாகவும், ஜாசலின் தன் சிங்கத்தை வைத்துக்கொண்டு பெயரை விட்டுக்கொடுத்ததாகவும் குடும்பக் கதை. கதையை நம்ப வேண்டியதில்லை. பிள்ளைகள் தாயின் பெயரில் பர்சிகளாகத் தொடர்ந்தார்கள் என்பது மட்டும் உறுதி. யார்க்‌ஷயரில் அத்தனை நிலம் அந்தப் பெயரோடு சேர்ந்து வரும்போது வேறு பெயர் எதற்கு? ஆக, ஹாட்ஸ்பர் உட்பட வரலாற்றில் நாம் பார்க்கும் பர்சிகள் எல்லோரும் வீட்டோடு வந்த ஒரு மாப்பிள்ளையின் வழி.

அக்டோபர் 26

ஆனிக் போய் வந்தோம். ஊருக்குள் நுழையும் இடத்திலேயே ஹாட்ஸ்பர் கோபுரம் என்று ஒரு கல் வாசல். கட்டியவர் ஹாட்ஸ்பரின் மகன், நார்தம்பர்லாந்தின் இரண்டாம் ஏர்ல். வளைவு ஒடுக்கமானது, ஒரு நேரத்தில் ஒரு வண்டிதான் போகலாம். எங்கள் பஸ் கண்ணாடியை உரசுவதுபோல் நுழைந்தபோது மகன் மூச்சைப் பிடித்துக்கொண்டான். வளைவுக்கு மேல் பலகையில் செதுக்கிய பர்சி சிங்கம் இருக்கிறது. மழையும் காற்றும் 600 வருடமாகத் தின்று, இன்று அதைச் சிங்கம் என்று சொன்னால்தான் தெரியும்.

கோட்டை பெரிது. வாசல் மதில்மேல் கல் வீரர்கள் நின்றபடி கீழே கல்லெறிய ஓங்கிக்கொண்டிருக்கிறார்கள். அவர்களில் பெரும்பாலோர் பதினெட்டாம் நூற்றாண்டின் சரக்கு. போர் முடிந்து வெகுகாலம் ஆனபிறகு வைத்த பொம்மைகள். அது ஏன் என்பது பின்னால் வரும்.

உண்மையான போர்க்காலத்தில் இந்தக் குடும்பத்தில் படுக்கையில் செத்தவர்கள் குறைவு. 1377இல் ஹென்றி பர்சிக்கு நார்தம்பர்லாந்தின் ஏர்ல் என்ற பிரபுப் பட்டம் கிடைத்தது. 1399இல் நான்காம் ஹென்றியை அரியணையில் ஏற்ற உதவியவர் இவர். ஏற்றிவிட்டவர்களுக்குக் கொடுத்தது போதவில்லை என்று மனக்கசப்பு. 1403இல் மகன் ஹாட்ஸ்பர் கலகம் செய்தார். ஜூலை 21 அன்று ஷ்ரூஸ்பரியில் கொல்லப்பட்டார். முதலில் உடலைப் புதைத்துவிட்டார்கள். அவர் சாகவில்லை என்று வதந்தி கிளம்பவே, தோண்டி எடுத்து, உப்பிட்டு, ஊரார் பார்க்க நிறுத்திவைத்தார்கள். பிறகு தலையை யார்க் நகர வாயிலுக்கும், உடலை நான்காக வெட்டி நான்கு ஊர்களுக்கும் அனுப்பினார்கள். அந்த நான்கில் ஒன்று எங்கள் நியூகாசில். இதை மகனிடம் சொன்னேன். அணியின் மேலங்கியை அன்று முழுவதும் அவன் கழற்றவில்லை.

ஹாட்ஸ்பரின் தந்தை 1408இல் பிராம்ஹம் வெளியில் வெட்டுண்டார். இரண்டாம் ஏர்ல் 1455இல் செயின்ட் ஆல்பன்ஸில், மூன்றாமவர் 1461இல் டவுட்டனில். நான்காமவர் 1485இல் பாஸ்வொர்த் களத்தில் படையோடு நின்று வேடிக்கை பார்த்தார். அவர் காக்க வேண்டிய மன்னர் மூன்றாம் ரிச்சர்டு செத்தார், இவர் பிழைத்தார். நான்கு வருடம் கழித்து வரி எதிர்ப்புக் கும்பல் அவரை அடித்துக் கொன்றபோது அவருடைய ஆட்களும் நின்று வேடிக்கை பார்த்தார்கள்.

நவம்பர் 5

வெளியே வாணவெடி. நாடாளுமன்றத்தைத் தகர்க்கப் பார்த்த கை ஃபாக்ஸ் பெயரைச் சொல்லிக் கொளுத்துகிறார்கள். ஆனால் 1605இல் நாடாளுமன்றத்துக்கு அடியில் 36 பீப்பாய் வெடிமருந்து வைத்த அந்த நிலவறையைக் குத்தகைக்கு எடுத்தவர் தாமஸ் பர்சி, ஆனிக் கோட்டையின் நிர்வாகி, நான்காம் ஏர்லின் கொள்ளுப்பேரன். நவம்பர் 4 அன்று பகலில் லண்டனுக்கு வெளியே சியன் மாளிகையில் ஒன்பதாம் ஏர்லோடு உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டுப் போயிருக்கிறார். நவம்பர் 8 அன்று ஹோல்பீச் வீட்டில் சுடப்பட்டுச் செத்தார்.

பங்காளி செய்த வேலைக்கு ஏர்ல் அனுபவித்தார். சதி தெரியுமா என்று நிரூபிக்க முடியவில்லை. ஆனாலும் 30,000 பவுன் அபராதம், 1621 வரை லண்டன் கோபுரச் சிறை. அங்கே நூல்களும் அறிவியல் கருவிகளும் சூழ அவர் வாழ்ந்ததால் 'மந்திரவாதி ஏர்ல்' என்று பெயர். இதற்கு முன்பே குடும்பத்துக்கு அந்தக் கோபுரம் பழகிய இடம்தான்: இவர் தந்தை 1585இல் அங்கேதான் துப்பாக்கிக் குண்டு பட்டு இறந்துகிடந்தார். பெரியப்பாவை 1569 வடக்கத்திக் கலகத்துக்காக 1572இல் யார்க்கில் தலையை வெட்டினார்கள். இத்தனை தலை போயும் பெயர் போகவில்லை. மன்னர்கள் சீற்றம் தணிந்ததும் பட்டத்தையும் நிலத்தையும் திருப்பித் தந்துகொண்டே இருந்தார்கள்.

நவம்பர் 15

1670இல் பதினோராம் ஏர்ல் ஜாசலின் இத்தாலியில் டூரின் நகரில் இறந்தார். மிஞ்சியது எலிசபெத் என்ற சின்னஞ்சிறு மகள். இங்கிலாந்தின் பெரிய சொத்துகளில் ஒன்று அந்தக் குழந்தையின் தலையில்.

பன்னிரண்டு வயதில் முதல் கல்யாணம். அந்தச் சிறுவன் பர்சி என்று பெயரை மாற்றிக்கொண்டு, அடுத்த வருடமே இறந்தான். இரண்டாவது கணவர் தாமஸ் தின். எலிசபெத் அவரை விட்டு ஹாலந்துக்கு ஓடினார். 1682 பிப்ரவரியில் லண்டன் பால்மால் தெருவில் தின்னைக் கோச்சு வண்டியில் வைத்தே சுட்டார்கள். வெஸ்ட்மின்ஸ்டர் அபேயில் அவர் சமாதியில் அந்தக் காட்சியையே பளிங்கில் செதுக்கியிருக்கிறார்கள்: குதிரைகள், வண்டி, துப்பாக்கிக்காரன், எல்லாம். சமாதியில் கொலையைப் படமாகப் போடும் துணிச்சல் எவருக்கு வந்ததோ. சுட்டவர்கள் தூக்கில் தொங்கினார்கள். பின்னால் இருந்ததாகக் குற்றம் சாட்டப்பட்ட ஸ்வீடன் பிரபு விடுதலையானார். மூன்றே மாதத்தில் எலிசபெத் மூன்றாவதாக, ஏர்லுக்கும் மேற்பட்ட பட்டக்காரரான சாமர்செட் டியூக்கை மணந்தார். அப்போது அவருக்கு 15 வயது. பர்சி பெயரை ஏற்பதாக டியூக்கும் கல்யாண ஒப்பந்தத்தில் ஒப்புக்கொண்டிருந்தார். வயது வந்ததும் எலிசபெத்தே அந்தக் கட்டை அவிழ்த்துவிட்டார். பாவம், அதற்குள் அவருக்கே அந்தப் பெயர் அலுத்திருக்கும்.

இதற்கிடையே டப்ளினிலிருந்து ஜேம்ஸ் பர்சி என்ற ஒருவர் வந்து, 'ஏர்ல் பட்டம் எனக்குரியது' என்றார். தொழில், பயணப் பெட்டி செய்வது. தன் தாத்தாவையும் உடன்பிறந்தவர்களையும் குழந்தைப் பருவத்தில் கூடைகளில் ஒளித்து வடக்கிலிருந்து தெற்கே அனுப்பிவிட்டார்கள், அதனால்தான் வம்சாவளியில் காணோம் என்பது அவர் வாதம். வழக்கு மேல் வழக்காக ஏறத்தாழ இருபது வருடம் விடவில்லை. கடைசியில் 1689இல் பிரபுக்கள் சபை கோரிக்கையைத் தள்ளியதோடு நிற்காமல், 'நார்தம்பர்லாந்து ஏர்ல் பட்டத்துக்குப் பொய்யாக உரிமை கோரிய துடுக்கன்' என்ற பொருளில் எழுதிய தாளை மார்பில் கட்டிக்கொண்டு வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபத்தில் வலம்வரத் தீர்ப்பளித்தது.

அவர் கணக்கு பொய்தான், அதில் எனக்கும் ஐயமில்லை. ஆனால் அந்தத் தாளைப் படித்தபின் ஏனோ அவர்மேல் பிடிப்பு வந்துவிட்டது. அவர் மகன் பிற்பாடு டப்ளின் மேயரானார் என்பதைப் பார்த்ததும் மனசு ஆறியது.

நவம்பர் 24

இனி அடுத்த மாப்பிள்ளை. எலிசபெத்தின் பேத்தியும் எலிசபெத்தான். 1740இல் ஹியூ ஸ்மித்சன் என்ற யார்க்‌ஷயர் பாரனெட்டை, அதாவது பரம்பரை 'சர்' பட்டக்காரரை மணந்தார். மாப்பிள்ளையின் முன்னோர் லண்டனில் ஊசி, நாடா, தொப்பி விற்ற கடைக்காரர். பெண்ணுக்குத் தம்பி இருந்ததால் சொத்து அவனுக்கே போகும் என்றுதான் எல்லோரும் எண்ணினார்கள். 1744இல் அந்தப் பையன் பொலோனியாவில் அம்மை கண்டு இறந்தான். கடைக்காரர் வழி வந்தவனுக்கா பர்சி சொத்து என்று தாத்தா சாமர்செட் டியூக் குதித்தார். தடுக்கப் பார்த்து முடியாமலே 1748இல் கண்ணை மூடினார்.

1750இல் ஸ்மித்சன் தம்பதியர் ஏர்ல் பட்டம் பெற்றார்கள். நாடாளுமன்றச் சட்டம் ஒன்றின் மூலம் ஸ்மித்சன் என்ற பெயர் போய் பர்சி வந்தது. 1766இல் டியூக். இன்றும் ஆனிக்கில் இருப்பவர்கள் அவர் வழிவந்தவர்கள்தான். கோட்டை மதிலில் கல் வீரர்களை நிறுத்தியதும் இவர் காலம்தான் என்பதை இப்போது சேர்த்துப் பார்க்கிறேன். பெயர் புதிதாக வந்தவருக்குத்தானே பழமை அதிகம் தேவைப்படும்.

லெஸ்டர் பல்கலைக்கழகத்தார் குடும்பப்பெயரையும் ஆண்வழி மரபணுவையும் ஒப்பிட்டிருக்கிறார்கள். அட்டன்பரோ போன்ற அரிய பெயர்க்காரர்கள் பெரும்பாலும் ஒரே மரபணு வகையில் சேர்கிறார்கள், ஸ்மித்துகள் சிதறிப்போகிறார்கள். டியூக்குகளைப் பரிசோதித்தால் மீசைக்கார வில்லியத்தைத் தேட வேண்டியதே இல்லை, ஸ்மித்சன் கடைதான் வரும்.

டிசம்பர் 1

ஸ்மித்சன் என்ற பெயரையும் ஒருவர் விடாமல் வைத்துக்கொண்டார். முதல் டியூக்குக்கு எலிசபெத் மேசி என்ற விதவையிடம் பாரிஸில் பிறந்த மகன் ஜேம்ஸ். கல்யாணத்துக்கு வெளியே பிறந்ததால் பர்சி பெயரும் கிடையாது, பட்டமும் கிடையாது. மேசி என்ற பெயரிலேயே வேதியியல் படித்து, லண்டனின் அறிவியல் கழகமான ராயல் சொசைட்டியில் உறுப்பினரானார். 1800இல் தாய் இறந்தபின், தந்தை கழற்றிப் போட்ட பழைய பெயரை எடுத்து ஜேம்ஸ் ஸ்மித்சன் ஆனார்.

1829இல் ஜெனோவாவில் இறந்தார். தம்பி மகன் என்று ஒட்டியிருந்த ஒரே வாரிசும் பிள்ளையில்லாமல் போகவே, உயிலின்படி சொத்து முழுவதும், தான் ஒருமுறைகூடக் காலெடுத்து வைத்திராத அமெரிக்காவுக்கு. 1838இல் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட தங்கப் பவுன்கள் கப்பலேறின. 1846இல் வாஷிங்டனில் ஸ்மித்சோனியன் என்ற அருங்காட்சியக, ஆய்வு நிறுவனம் எழுந்தது. அவருடைய அண்ணன், சட்டப்படி பர்சியான இரண்டாம் டியூக், 1775 ஏப்ரல் 19 அன்று லெக்சிங்டனில் அதே அமெரிக்கர்களை எதிர்த்துப் படை நடத்தியவர். ஆனிக்கில் அவர் காலத்துக் குத்தகைக்காரர்கள் 1816இல் எழுப்பிய தூணின் உச்சியில் பர்சி சிங்கம் வாலை விறைத்து நிற்கிறது.

டிசம்பர் 3

சிறு குறிப்பு. பத்தொன்பதாம் நூற்றாண்டில் பர்சி முதற்பெயராகவும் இறங்கி ஊரெல்லாம் பரவியது. அதற்கு முன்பே, 1792இல் பிறந்த கவிஞர் ஷெல்லிக்கும் அதுதான். கொழும்பு கிரிக்கெட் மைதானங்களில் கொடியோடு ஓடிய பர்சி அபேசேகராவையும் இந்த வரிசையில் சேர்த்துக்கொள்கிறேன்.

டிசம்பர் 8

கடைசியாக இன்னொரு தாமஸ் பர்சி. பிரிட்ஜ்நார்த் மளிகைக் கடைக்காரரின் மகன். வீட்டுப் பெயர் பியர்சி. பாதிரியாரானபின் எழுத்தைத் திருத்திப் பர்சி ஆனார். தன் வம்சாவளியை வடக்கத்திப் பிரபுக்களோடு இணைக்கப் பாடுபட்டார். 1765இல் பழைய கதைப்பாடல்களைத் தொகுத்து வெளியிட்டு, அதை நார்தம்பர்லாந்துச் சீமாட்டிக்கு அர்ப்பணித்தார்.

அவரை யாரும் தாள் கட்டி நடக்கவிடவில்லை. குடும்பக் குருவாக்கிக்கொண்டார்கள். புதிதாகப் பர்சியான டியூக்குக்கு இன்னொரு பர்சி வந்து பழம்பெருமை பாடுவது கசக்குமா? பெட்டிக்காரர் சொத்தைக் கேட்டார், இவர் கேட்கவில்லை. 1782இல் அயர்லாந்தில் ட்ரோமோரின் பிஷப்பும் ஆனார்.

அவருக்கு நான் நன்றி சொல்ல வேண்டிய காரியம் ஒன்று உண்டு. ஐந்தாம் ஏர்லின் வீட்டுக் கணக்குப் புத்தகத்தை, 1512இல் தொடங்கியதை, 1770இல் அச்சேற்றினார். எத்தனை ரொட்டி, எத்தனை மெழுகுவத்தி, யாருக்கு எவ்வளவு கூலி என்று ஒரு கோட்டையின் அடுப்பங்கரை முழுவதும் அதில் இருக்கிறது. நோன்பு நாள் காலையில் ஏர்லுக்கும் மனைவிக்கும் ரொட்டி, உப்புக்கண்ட மீன், புகையூட்டிய ஹெர்ரிங் மீன், ஒரு குவார்ட் பீர், ஒரு குவார்ட் ஒயின். நோன்பு என்பதால் இறைச்சி கிடையாது.